அழுகையைக் கெடுத்த சேவல்

மேடைக்கு அடியில், பலகைக்கும் மணலுக்கும் நடுவில், நான்கு தங்கூசி மீன்பிடி நூல்களைக் கையில் பிடித்தபடி குனிந்து நின்றேன். அப்போதுதான் முன்வரிசையில் யாரோ சிரித்தார்கள்.

முதலில் இருமல் என்று நினைத்தேன். பெரிய வெள்ளிக்கு முந்திய தவசு காலம் முடியும் வாரம், ஊரில் பாதிப் பேருக்குத் தடிமன். பிறகு இன்னொரு சிரிப்பு வந்தது. பிறகு ஒரு வரிசை முழுவதும் சிரித்தது.

மேடைப் பலகையில் ஒரு கீறல் இருந்தது. அதில் கண்ணை வைத்துப் பார்த்தேன். கோயில் மூப்பரின் மனைவி பிலோமினா மாமி கைலேஞ்சியை வாயில் வைத்து அழுத்திக்கொண்டிருந்தார். அழுவதற்கென்று வீட்டிலிருந்து தோய்த்து மடித்துக் கொண்டுவந்த லேஞ்சி அது. மாமியின் இரண்டு தோளும் குலுங்கின.

மேடையில் நடந்துகொண்டிருந்தது ஆண்டவர் இயேசுவின் பாடுகள். சீடர் இராயப்பர் தன் குருவை "அறியேன்" என்று மூன்றாவது தடவையாக மறுதலிக்கும் கட்டம். சேவல் கூவும், இராயப்பர் மனம் உடைந்து அழுவார், அவரோடு சேர்ந்து ஊரும் அழும். இராயப்பரின் மரச் சுரூபத்துக்காகப் பாடுகிறவர் என் அப்பா. சேவலை ஆட்டுகிறவள் நான்.

அப்பாவின் குரல் ஒலிபெருக்கியில் நின்றுபோனது. நான் பிறப்பதற்கு முன்பிருந்தே ஊர் வருடா வருடம் கேட்கிற குரல், ஒருநாளும் பாதியில் நின்றதில்லை. நூலை விட்டால் சேவல் தலைகுப்புற விழும். விடாமல் பிடித்தால் சனம் இன்னும் சிரிக்கும்.

நான் அங்கேயே கொஞ்ச நேரம் குனிந்து நிற்கிறேன். நீங்கள் வாருங்கள், அங்கே எப்படிப் போய்ச் சேர்ந்தேன் என்று சொல்லிவிடுகிறேன்.

பாடாத பிள்ளை

போன வாரம் இந்தப் பத்தியில் எங்கள் வீட்டு ஆர்மோனியத்துக்குள் பல்லி குஞ்சு பொரித்த கதையை எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு என் கூடப்பிறந்த றெஜி அண்ணன் தொலைபேசியில் கூப்பிட்டார்.

"பல்லி இருந்தது உண்மை. குஞ்சு பொரிச்சது பொய். இப்ப பெடியள் எல்லாம் என்னைப் பல்லி மாஸ்டர் எண்டு கூப்பிடுறாங்கள். உனக்குச் சந்தோசமோ?"

"ஓம் அண்ணா."

"இந்தக் கிழமையாவது என்னைப் பற்றி நல்லதா ரெண்டு வரி எழுது."

எழுதுகிறேன் என்று வாக்குக் கொடுத்திருக்கிறேன். இதோ: றெஜி அண்ணன் ஆர்மோனியம் நன்றாக வாசிப்பார். இன்னும் ஒரு வரி பாக்கி இருக்கிறது, இடம் வரும்போது பார்ப்போம்.

எங்கள் வீட்டில் எல்லோருக்கும் ஏதாவது ஒன்று வரும். அப்பா சந்தியோகு விடியப் படகில் கடலுக்குப் போகிறவர், ஆனால் மன்னாரில் தாழ்வுபாட்டிலிருந்து பேசாலை வரைக்கும் யாரிடம் கேட்டாலும் "பாட்டுக்காரச் சந்தியோகோ?" என்றுதான் திருப்பிக் கேட்பார்கள். அம்மா தையல்காரி. கோயில் சுரூபங்களுக்கு உடுப்புத் தைக்கிற கை அவருடையது, மாதாவின் நீல முக்காட்டில் அவர் மடிப்பு வைத்தால் காற்றே இல்லாத நேரத்திலும் அது அசைவதுபோல் தெரியும். அண்ணன் பாடகர் குழுத் தலைவர்.

நான் மெற்றில்டா. என் தொண்டையிலிருந்து வருவதைப் பாட்டு என்று யாரும் குற்றம் சாட்ட முடியாது. பாடகர் குழுவில் என்னைக் கடைசி வரிசையில் நிறுத்தி, "நீ வாயை மட்டும் அசை, பிள்ளை" என்று அண்ணன் சொன்னார். அசைத்தேன். அப்படியும் எங்கோ சுருதி விலகுகிறது என்று என்னைத்தான் பார்த்தார்.

தையலுக்கு அனுப்பினார்கள். இயேசுவுக்குத் தீர்ப்புச் சொல்லும் பிலாத்துச் சுரூபத்தின் அங்கிக்குக் கை தைக்கச் சொன்னார் அம்மா. நான் கவனமாக, நெருக்கமாகத் தைத்தேன், கை நுழையும் வாயையும் சேர்த்துத் தைத்துவிட்டேன். அது மேடையில்தான் தெரிந்தது. பிலாத்து கை கழுவ வேண்டிய நேரத்தில் கை வெளியே வரவில்லை. மேடைக்குக் கீழே நின்று கயிறு இழுத்தவர் இழுத்துக்கொண்டே இருந்தார், பாடகர்கள் ஒரே அடியைத் திரும்பத் திரும்பப் பாடினார்கள். கடைசியில் பிலாத்து கை கழுவாமலே தீர்ப்புச் சொல்லிவிட்டுப் போனார். அந்த வருடம் பங்குச் சுவாமியார் அதைச் சனத்துக்கு விளக்கப் பெரும்பாடு பட்டார்.

அதற்குப் பிறகு வீட்டில் எனக்குக் கொடுத்த வேலை, ஒத்திகைக்கு வருகிறவர்களுக்குத் தேத்தண்ணீர் ஊற்றுவது. உயர்தரப் பரீட்சை எழுதி முடித்துவிட்டு வீட்டில் இருந்த காலம் அது. ஐந்து விரலும் ஏதோ செய்யவேண்டும் என்று துடிக்கும். என்ன செய்யவேண்டும் என்றுதான் தெரியாது. எல்லோரும் பாடுகிற வீட்டில் தேத்தண்ணீர்க் கேத்திலைத் தூக்கிக்கொண்டு நடப்பது எவ்வளவு அவமானம் என்பது, எல்லோரும் பாடுகிற வீட்டில் பிறந்தவர்களுக்குத்தான் விளங்கும்.

கேத்தில் சேவல்

எங்கள் பக்கத்தில் பாடுகளின் காட்சியை ஆட்கள் நடிப்பதோடு சுரூபங்களும் நடிக்கும். உடக்குப் பாஸ் என்பார்கள். ஆளுயர மரச் சுரூபங்கள், அவற்றின் கழுத்தும் கையும் அசையும். மேடைக்கு அடியில் நின்று கயிறு இழுப்பதற்கு ஆட்கள் இருப்பார்கள். மேடைக்குப் பக்கத்தில் பாடகர்கள் நின்று அவற்றுக்காகப் பாடுவார்கள். கயிறு இழுக்கிற வேலை குடும்பம் குடும்பமாக வருவது. யார் எந்தச் சுரூபத்துக்கு என்பதில் கல்யாணப் பேச்சைவிட அதிகம் பேச்சு நடக்கும்.

அதில் ஆகக் கடைசி வேலை சேவல். இயேசுவைப் பிடித்துக்கொண்டுபோன பெரிய குருவின் வீட்டு முற்றத்து மதிலுக்குப் பின்னாலிருந்து ஒரு தடவை எழும்பி, ஒரு தடவை இறங்கினால் சரி. ஒட்டுப்பலகையில் வெட்டி, தடியில் ஆணி அடித்த சேவல் அது. வருடக்கணக்கில் உப்புக்காற்றுப் பட்டுச் சாயம் போய், தூரத்திலிருந்து பார்த்தால் கேத்தில்போல இருக்கும். பிள்ளைகள் அதற்குக் கேத்தில் சேவல் என்று பெயர் வைத்திருந்தார்கள்.

கூவுகிற சத்தத்தை றெஜி அண்ணன் ஆர்மோனியத்தில் இருந்தபடியே ஒலிவாங்கியில் கொடுப்பார். முதலில் கட்டையை அழுத்திச் சுருதி பிடித்து, பிறகு கூவுவார். உலகத்தில் எந்தச் சேவலும் அவ்வளவு சுத்தமாகக் கூவியதில்லை.

அந்த வருடம் சேவல் பிடிக்கிற பெடியன் கட்டாருக்குப் போய்விட்டான். லெம்பேட் மூப்பர் எங்கள் வீட்டு வாசலில் வந்து நின்று யோசித்தார். கேத்திலோடு நான் வெளியே வந்தேன்.

"இவள் சும்மாதானே நிக்கிறாள், சந்தியோகு?"

"பொம்பிளைப் பிள்ளை, மேடைக்குக் கீழ நிக்கிறதோ?" என்றார் அப்பா.

"சேவல்தானே. இயேசுவையோ குடுக்கிறம்?"

அப்படித்தான் எனக்கு வேலை கிடைத்தது. அண்ணனின் நீளக் காற்சட்டையை உடுத்து, தலையைத் துண்டால் கட்டிக்கொண்டு ஒத்திகைக்குப் போனேன். கேத்தில் சேவலை எழுப்பினேன், இறக்கினேன். வேலை முடிந்தது. இராயப்பரின் கயிற்றைப் பிடிக்கிற சூசை அண்ணை, "கெட்டிக்காரி" என்றார். கேலியா, பாராட்டா என்று விளங்கவில்லை.

யோகட் கரண்டி

பக்கத்து வீட்டில் ஒரு சேவல் இருந்தது. எங்கள் பூவரச மரத்தில்தான் படுக்கும், எங்கள் வாசல் படலையில் ஏறி நின்றுதான் கூவும், சாப்பிடுவதற்கு மட்டும் தன் வீட்டுக்குப் போகும். தவசு காலம் முழுவதும் நான் அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அம்மா என் நெற்றியில் கை வைத்துப் பார்த்தார், காய்ச்சல் இல்லை.

பார்த்ததில் ஒன்று தெரிந்தது. சேவலுக்கு நேராகப் பார்க்க வராது. உங்களைப் பார்க்கவேண்டுமென்றால் அது முகத்தை மற்றப் பக்கம் திருப்பவேண்டும். திருப்பி, ஒற்றைக் கண்ணால் பார்க்கும். உங்களை மதிக்காததுபோல இருக்கும், ஆனால் உங்களைத்தான் பார்த்துக்கொண்டிருக்கும். எங்கள் ஊரில் சில மாமிமாரும் இப்படித்தான்.

பின்வளவுக் கொட்டிலில், பழைய வலைக்குப் பின்னால் ஒளித்து வைத்து, நான் என் சேவலைச் செய்தேன். மீன் பெட்டியின் வெள்ளை ரெஜிஃபோமில் உடம்பு. சைக்கிள் கம்பியில் கழுத்து. ரியூப் இறப்பரில் கொண்டை. பக்கத்து வீட்டுச் சேவல் உதிர்த்த இறகு கொஞ்சம், உதிர்க்காத இறகும் கொஞ்சம். கண்ணுக்குச் சட்டைப் பொத்தான். பிளாஸ்டிக் யோகட் கரண்டியை வெட்டி இமை வைத்தேன். நான்கு தங்கூசி கட்டினேன்: ஒன்று கழுத்தை உயர்த்த, இரண்டு முகத்தை இடமும் வலமும் திருப்ப, ஒன்று இமையை மூட.

இமை மூடித் திறந்த முதல் தடவை, கொட்டிலில் தனியாக இருந்த நான் "ஐயோ" என்று பின்னால் போய் வலையில் விழுந்தேன். நான் செய்த பொருள் என்னைப் பார்த்தது. அன்றைக்கு எனக்கு வந்த சந்தோசத்தை அதற்கு முன் ஒரு பாட்டும் தரவில்லை. இதுதான், இதைத்தான் என் விரல்கள் கேட்டுக்கொண்டிருந்தன என்று தெரிந்துவிட்டது.

இன்னொன்றும் யோசித்தேன். சேவல் கடைசியில் திடீரென்று எழும்புவது எனக்குப் பொருத்தமாகப் படவில்லை. அது முற்றத்துச் சேவல். முதலாவது தடவை இராயப்பர் "அறியேன்" என்று சொன்னபோதே அங்கே நின்றிருக்கும். எல்லாவற்றையும் கேட்டிருக்கும். இதை யாரிடமாவது சொன்னால் வேண்டாம் என்று சொல்லிவிடுவார்கள் என்றும் யோசித்தேன். ஆகவே சொல்லாமல், பாடுகள் அன்று கேத்தில் சேவலின் இடத்தில் என்னுடையதை வைத்தேன்.

மதிலுக்கு மேலே

சரி, மேடைக்கு அடியில் நிற்கிறவளுக்கு முதுகு நோகிறது, திரும்பிப் போவோம்.

முதலாவது மறுதலிப்பில் சேவலின் கொண்டை மட்டும் மதிலுக்கு மேலே தெரிந்தது. யாரும் பெரிதாகக் கவனிக்கவில்லை. இரண்டாவதில் தலை வந்தது. அது இராயப்பரைப் பார்ப்பதற்காக முகத்தை அவருக்கு எதிர்ப்பக்கம் திருப்பியது. பின்வரிசையில் பிள்ளைகள், "அங்க பார், அங்க பார்" என்றார்கள்.

மூன்றாவது தடவை அப்பா உயரக் குரலெடுத்து, "அந்த மனிதனை நான் அறியேன்" என்று பாடி நிறுத்தினார். சேவல் கழுத்தை முழுவதும் உயர்த்தியது. ஒற்றைக் கண்ணால் இராயப்பரைப் பார்த்தது. பிறகு மெதுவாக இமையை மூடி, மெதுவாகத் திறந்தது. "அப்படியா, ராசா?" என்று கேட்டதுபோல இருந்தது.

அதற்குத்தான் பிலோமினா மாமி சிரித்தார். மன்னாரில் பாடுகளின் நடுவில் கழுதை கத்துவது வழமை, அதற்கு யாரும் சிரிப்பதில்லை. கழுதை கத்துவதற்கெல்லாம் சிரித்தால் எங்களுக்கு வேறு வேலை செய்ய நேரம் இருக்காது. ஆனால் இதற்குச் சிரித்தார்கள். அண்ணன் கூவுவதற்கு வாயைத் திறந்து, அவருக்கும் சிரிப்பு வந்து, சுத்தமான சுருதி நடுவில் உடைந்து கரகரத்தது. முதல் தடவையாக அது சேவல் கூவியதுபோல இருந்தது. அண்ணனுக்கு எழுதுவதாகச் சொன்ன இரண்டாவது நல்ல வரி இதுதான்.

அப்பா நின்றுபோனது அப்போதுதான். சூசை அண்ணை இராயப்பரின் கயிற்றோடு என்னைப் பார்த்து, "என்னடி பிள்ளை செய்து போட்டாய்?" என்று வாய்க்குள் சொன்னார்.

நான் அவர் பக்கம் திரும்பினேன். திரும்பின வேகத்தில் இடப்பக்கத்து நூல் இழுபட்டது. சேவல் இராயப்பரை விட்டு முகத்தைத் திருப்பி, சனத்தை ஒற்றைக் கண்ணால் பார்த்தது. பார்த்தபடியே நின்றது. எனக்கு அடுத்து என்ன செய்வதென்று தெரியாததால், அதற்கும் தெரியவில்லை.

சிரிப்பு ஒவ்வொரு வரிசையாக அடங்கியது. கீறலுக்கு அப்பால் பிலோமினா மாமியின் வாயிலிருந்து லேஞ்சி இறங்கியது.

இப்போது யாராவது அந்தத் திருப்பத்தைப் பற்றிக் கேட்டால், நன்றாகத் திட்டமிட்டுச் செய்தேன் என்றுதான் சொல்லுவேன். பொம்மலாட்டப் பயிற்சிப் பட்டறைகளில் அதைப் பற்றி அரை மணித்தியாலம் பேசியும் இருக்கிறேன்.

பிறகு அப்பா பாடத் தொடங்கினார். ஆர்மோனியம் இல்லாமல், வழமையான கட்டையைவிடக் கீழே, பக்கத்தில் இருக்கிற ஒருவருக்குச் சொல்வதுபோல. உயரக் குரல் எடுக்கவில்லை. அந்தக் குரலை நான் வீட்டில்கூடக் கேட்டதில்லை. ஊர் அழுதது. மூப்பர் அழுதார், சூசை அண்ணை கயிற்றைப் பிடித்த கையாலேயே மூக்கைத் துடைத்தார். பிலோமினா மாமிக்கு ஒரு லேஞ்சி போதவில்லை, சேலைத் தலைப்பையும் எடுத்தார்.

விசாரணை

அடுத்த நாள் கோயில் மண்டபத்தில் கதிரை போட்டு என்னை விசாரித்தார்கள். பிலாத்து இல்லாததுதான் குறை.

"பாடுகளில சிரிப்பு! எங்கட ஊரில இது நடந்ததெண்டு வங்காலை ஊராக்கள் கேட்டால் என்ன சொல்லுறது?" என்றார் மூப்பர்.

"பிறகு அழுதவைதானே, மூப்பர். நீங்களும் அழுதனீங்கள்" என்றேன்.

"அது வேற."

சுவாமியார் மேசைக்குக் கீழே பார்த்துக்கொண்டிருந்தார், அவருக்கும் முதல்நாள் சிரிப்பு மிச்சம் இருந்தது என்று நினைக்கிறேன். கடைசியில் மூப்பர் அப்பாவிடம் திரும்பினார்.

"சந்தியோகு, பாட்டு உன்ரை. நீ சொல்லு."

எனக்கு நம்பிக்கை இருந்தது. அந்தப் பாட்டு அன்றைக்கு எப்படி இருந்தது என்று பாடினவருக்குத் தெரியாமல் இருக்குமா?

"கேத்தில் சேவல் போதும்" என்றார் அப்பா.

வீட்டுக்கு வருகிற வழியெல்லாம் அவருக்குப் பின்னால் நடந்தேன். படலையடியில் கேட்டேன்.

"நான் என்ன பிழை விட்டனான், அப்பா?"

"என்ர அழுகையைக் கெடுத்துப் போட்டாய்."

"சனம் அழுதது."

"சிரிச்சுப் போட்டு அழுதது."

"அழுதது அழுததுதானே."

"எத்தினை வருசமா நான் அந்தச் சனத்தைக் கொஞ்சம் கொஞ்சமா அழுகைக்குக் கொண்டு போறன் தெரியுமே? நீ ஒரு யோகட் கரண்டியால அதை உடைச்சுப் போட்டாய். நான் விழுந்திருந்தால்? அந்த இடத்தில எனக்குக் குரல் வராமல் போயிருந்தால்?"

அப்போதுதான் அவர் முகத்தைப் பார்த்தேன். கோபத்தைவிடப் பயம்தான் கூட இருந்தது. எனக்கும் இரக்கம் வந்திருக்கவேண்டும். வரவில்லை. அவருக்குக் கடல் இருந்தது, குரல் இருந்தது, ஊர் இருந்தது. எனக்கு இருந்தது ஒரு சேவல். அதையும் எடுத்துவிட்டார். அன்றைக்கு நான் அழுதது இராயப்பருக்காக இல்லை.

சேவல் வேலைக்குப் போனது

என்னோடு படித்த நிஸா முசலிப் பக்கத்தில் ஒரு பாலர் பாடசாலையில் படிப்பித்துக்கொண்டிருந்தாள். கதையைக் கேட்டு விழுந்து விழுந்து சிரித்தாள்.

"அல்லாவே, அந்தச் சேவலைச் சும்மாவா வெச்சிருக்கிறாய்? எங்கட பிள்ளைகளுக்குக் கொண்டு வாயேன்டி."

சேவலைச் சாக்கில் போட்டு, தலை மட்டும் வெளியே தெரிய பஸ்ஸில் கொண்டுபோனேன். நடத்துநர் என்னிடம் பயணச்சீட்டுக் கேட்டார். சேவல் இமையை மூடியது. அவர் ஒன்றும் சொல்லாமல் அடுத்த ஆளிடம் போய்விட்டார்.

பாலர் பாடசாலையில் ஒரு மேசையைக் கவிழ்த்து மதிலாக்கினேன். சேவல் எழும்பிப் பிள்ளைகளை ஒற்றைக் கண்ணால் பார்த்தது. பாடத் தேவையில்லாத இடத்தில் என் கரகரத்த தொண்டைக்கும் வேலை வந்தது, சேவல் பேசியது. ஒரு சின்னவள் எழும்பி வந்து இடுப்பில் கை வைத்தாள்.

"நீ ஏன் வெள்ளாப்பில எங்கட வாப்பாவை எழுப்புறாய்? அவர் ராவைக்குத்தான் கடலால வந்தவர்."

சேவல் மன்னிப்புக் கேட்டது. அவள் மன்னிக்கவில்லை. ஒரு மணித்தியாலம் அவளோடு நியாயம் பேசினோம்.

அந்த வருடம் கழுதை ஒன்று செய்தேன், பிறகு நண்டு ஒன்று. பாடசாலைகள் கூப்பிட்டன. முசலிப் பள்ளிவாசல் பக்கத்துப் பிள்ளைகள் முன்னாலும் ஆடினோம், பேசாலைப் பிள்ளைகள் முன்னாலும் ஆடினோம். வீட்டில் அம்மா கழுதைக்குச் சேணம் தைத்துத் தந்தார். அப்பா அதைப் "பொம்மை விளையாட்டு" என்பார். நான் சாக்கைத் தூக்கிக்கொண்டு வெளிக்கிடும்போது அவர் வலையைப் பார்ப்பார், நான் படலையைப் பார்ப்பேன்.

காய்ந்த லேஞ்சி

அடுத்த வருடப் பாடுகளுக்கு நான் பெண்கள் பக்கத்தில் பாயில் இருந்தேன். கேத்தில் சேவல் எழும்பியது. அண்ணன் சுருதி சுத்தமாகக் கூவினார். கேத்தில் இறங்கியது. அப்பா உயரக் குரலெடுத்துப் பாடினார், ஒரு பிசகும் இல்லை. சனம் கைத்தொலைபேசியைத் தூக்கிப் பிடித்து மரியாதையாகக் கேட்டுக்கொண்டிருந்தது.

பாஸ்காத் திருநாளுக்கு அடுத்த நாள் காலையில் பிலோமினா மாமி எங்கள் வீட்டுக்கு வந்தார். கதிரையில் இருக்கச் சொன்னோம், இருக்கவில்லை.

"சந்தியோகண்ணை, குறை எண்டு நினைக்காதேங்கோ."

"சொல்லு."

"இந்த முறை அழுகை வரேல்ல."

அப்பாவின் கையிலிருந்த தேத்தண்ணீர்க் கோப்பை பாதியில் நின்றது.

"எனக்கு மட்டுமில்ல, ஒருத்தருக்கும் வரேல்ல. லேஞ்சியை மடிச்சபடியே வீட்ட கொண்டு போனன். தவசு முழுக்க இருந்துபோட்டு அந்த ஒரு அழுகைக்குத்தானே வாறம்? உங்கட பாட்டில ஒரு குறையும் இல்லை."

"அப்ப?"

மாமி என்னைப் பார்த்தார், திரும்பவும் அப்பாவைப் பார்த்தார். "போன வருசம் அந்தச் சேவல் எங்களைப் பாத்தது, அண்ணை. நானும்தானே சிரிச்சுக்கொண்டு இருந்தனான் எண்டு நெஞ்சில சுருக்கெண்டது. இந்த முறை ஒருத்தரும் எங்களைப் பாக்கேல்ல."

சொல்லிவிட்டுப் படலையைச் சாத்திக்கொண்டு போய்விட்டார். அப்பா தேத்தண்ணீரைக் குடிக்கவில்லை. அதற்குப் பிறகு கன நாளாகக் கிணற்றடியில் குளிக்கும்போது அவர் பாடுவது கேட்கவில்லை. எனக்குச் சந்தோசமாக இருக்கும் என்று நினைத்திருந்தேன். ஆனால் பாட்டில்லாத கிணற்றடி எனக்குப் பிடிக்கவில்லை.

அதைப் பற்றி அவர் வாய் திறப்பதற்கு அடுத்த தவசு வரவேண்டியிருந்தது. ஒரு காலையில் கடலிலிருந்து வந்த கையோடு கொட்டிலுக்கு வந்தார். நான் சேவலுக்குப் புது இமை வைத்துக்கொண்டிருந்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை, சேவலைப் பார்த்தார்.

"சேவலாருக்கு இந்த முறை பாடுகளுக்கு நேரம் இருக்குமோ?"

நான் சேவலின் முகத்தை மற்றப் பக்கம் திருப்பினேன். அது அவரை ஒற்றைக் கண்ணால் பார்த்தது.

"மூப்பர் ஓமோ?" என்று சேவல் கேட்டது.

"மூப்பரின்ர மனுசி ஓம் எண்டால் மூப்பரும் ஓம்தான்."

"அப்ப ஒத்திகை வேணும். போனமுறை மாதிரி ஆளை ஆள் பயப்படுத்தேலாது."

அப்பா வாழ்க்கையில் யாரோடும் ஒத்திகை பார்த்தவரில்லை. ஒத்திகைக்கு வருவார், பாடுவார், மற்றவர்கள் அவருக்கு ஏற்றபடி பிடித்துக்கொள்ள வேண்டும். அண்ணன் அப்படித்தான் ஆர்மோனியம் பழகினார். இப்போது அவர் கொட்டில் வாசலில் ஈரச் சாரத்தோடு நின்று, தொண்டையைச் செருமினார்.

நான் வலைக்குப் பின்னால் போகவில்லை. அவருக்கு முன்னாலேயே நின்று நூலைப் பிடித்தேன். அவர் பாடினார். "அந்த மனிதனை நான் அறியேன்" என்று நிறுத்தினார். சேவல் கழுத்தை உயர்த்தியது, பார்த்தது, இமையை மூடித் திறந்தது. அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது, பல்லைக் கடித்து அடக்கினார். நான் இமையை மூடியதும் அவர் பாடத் தொடங்கினார், சேவல் இன்னும் திரும்பி முடியவில்லை. இரண்டும் மோதின.

"திரும்பவும்" என்றேன்.

திரும்பவும் மோதின. மூன்றாவது தடவையும் அப்படியே. அவர் நின்றார்.

"இஞ்சை பார், பிள்ளை. அது சனத்தைப் பாத்து முடிக்க எவ்வளவு நேரம் செல்லும்?"

"ஒரு மூச்சு."

"என்ர மூச்சோ, உன்ர மூச்சோ?"

அந்தக் கேள்வியை அவர் அண்ணனிடம்கூட ஒருநாளும் கேட்டதில்லை.

"என்ர, அப்பா. உங்கட மூச்சு நீளம். சேவலுக்கு அது கூடிப்போகும்."

"சரி. அப்ப நீ மூச்சை எடு. நான் அதைப் பாத்துப் பிடிக்கிறன்."

திரும்பவும் முதலிலிருந்து தொடங்கினோம். "அறியேன்" என்று அவர் நிறுத்தினார். சேவல் பார்த்தது, திரும்பியது. அப்பா வாயைப் பாதி திறந்தபடி, என் தோளைக் கண் எடுக்காமல் பார்த்துக்கொண்டு நின்றார். நான் மூச்சை எடுத்தேன். அதற்குப் பிறகுதான் அவர் பாடினார்.